நெசமாவே நம்புறீங்களா? – பகடி மதங்களும் நம்பிக்கையின் எல்லைக்கோடும்

(நினைவுப் பேருரையின் எழுத்து வடிவம்)



இந்த மேடை யாருடைய நினைவில் நிற்கிறதோ, அந்தத் தோழர் சிரிக்கத் தெரிந்தவர். சேரித் திண்ணையில் பேச உட்கார்ந்தால் முதலில் எல்லோரையும் சிரிக்க வைப்பார். கோபப்பட வைப்பதெல்லாம் அதற்குப் பிறகுதான். அதனால் இந்த ஆண்டு உரைக்குச் சிரிப்போடு சம்பந்தப்பட்ட ஒரு பொருளை எடுத்துக்கொண்டோம்.

ஒரு சம்பவத்திலிருந்து தொடங்குகிறோம். எங்களோடு களப்பணி செய்யும் தோழி ஒருவரின் தம்பிக்குக் கல்லூரிச் சேர்க்கைக்காகச் சாதிச் சான்றிதழ் தேவைப்பட்டது. விசாரணைக்கு வந்த அலுவலர் வாசலில் நின்று விவரம் கேட்டதோடு விடவில்லை. உள்ளே வந்து சுவர்களைப் பார்த்தார், அலமாரியைத் திறக்கச் சொன்னார். மாரியம்மன் படத்துக்குப் பக்கத்திலேயே வேளாங்கண்ணி மாதா படமும் இருந்தது. "இதுல எந்தச் சாமிய நெசமாவே நம்புறீங்க?" என்று கேட்டார். தோழியின் அம்மா சட்டென்று, "எது கேட்டதக் குடுக்குதோ அதத்தான் சார்" என்றார். நாங்கள் சிரித்துவிட்டோம். அலுவலர் சிரிக்கவில்லை. சான்றிதழ் வரத் தாமதமாகி அந்த ஆண்டு சேர்க்கை கைநழுவியது.

"நெசமாவே நம்புறீங்களா?" என்ற அந்தக் கேள்வியை வைத்துத்தான் இன்று பேசப்போகிறோம். அதே கேள்வி உலகின் பல நீதிமன்றங்களில் வேறொரு கூட்டத்தாரிடமும் கேட்கப்பட்டது. தலையில் நூடுல்ஸ் வடிக்கும் ஓட்டைப் பாத்திரத்தைக் கவிழ்த்துக்கொண்டு, "இது எங்கள் மதச் சின்னம்" என்று சொன்னவர்கள் அவர்கள்.

நூடுல்ஸ் கடவுளின் பிறப்பு

2005ஆம் ஆண்டு. அமெரிக்காவின் கன்சாஸ் மாநிலக் கல்வி வாரியம், பள்ளி அறிவியல் பாடத்தில் பரிணாமக் கொள்கைக்கு எதிரான 'அறிவார்ந்த வடிவமைப்பு' வாதத்துக்கு இடம் கொடுப்பது பற்றி விவாதித்துக்கொண்டிருந்தது. உயிர்கள் தாமாகப் பரிணமிக்கவில்லை, ஏதோ ஓர் அறிவு அவற்றை வடிவமைத்தது என்பதே அந்த வாதம். 'கடவுள்' என்ற சொல்லை மட்டும் கவனமாகத் தவிர்த்துவிட்டு, பழைய படைப்புக் கதையை அறிவியல் வகுப்புக்குள் கொண்டுவருவதற்கான வழி அது.

இயற்பியல் படித்த பாபி ஹெண்டர்சன் என்ற இளைஞர் வாரியத்துக்கு ஒரு திறந்த மடல் எழுதினார். வடிவமைத்தவர் யார் என்று நீங்கள் சொல்லவில்லை. எங்கள் நம்பிக்கைப்படி அவர் 'பறக்கும் ஸ்பகெட்டி அரக்கர்'. ஆகவே எங்கள் கொள்கைக்கும் வகுப்பில் சம நேரம் வேண்டும் என்று கோரினார். கடற்கொள்ளையர்களின் எண்ணிக்கை குறையக் குறையப் பூமியின் வெப்பம் கூடிவருகிறது என்று ஒரு வரைபடத்தையும் இணைத்திருந்தார். இரண்டு விஷயங்கள் ஒரே காலத்தில் நடந்ததாலேயே ஒன்று மற்றதற்குக் காரணமாகிவிடாது என்று வகுப்பில் ஒரு மணி நேரம் விளக்க வேண்டியதை அந்த ஒரு படம் சொல்லிவிட்டது.

அதே ஆண்டு நவம்பரில் வாரியம் பரிணாமத்தைக் கேள்விக்குள்ளாக்கும் பாடத்தரத்தை 6க்கு 4 வாக்குகளில் ஏற்றது. உறுப்பினர்கள் மாறிய பிறகு 2007இல் அது நீக்கப்பட்டது. ஸ்பகெட்டி அரக்கர் மட்டும் போகவில்லை. 2006இல் அவருக்கு ஒரு 'சுவிசேஷ'ப் புத்தகம் வந்தது. 'ஆமென்' என்ற சொல் ஜப்பானிய நூடுல்ஸின் பெயரோடு கலந்து 'ராமென்' ஆனது. பின்பற்றுவோர் தங்களைப் 'பாஸ்டஃபாரியன்கள்' என்று அழைத்துக்கொண்டார்கள்.

இதுதான் பகடி மதம். ஒரு மதத்தின் உருவத்தை, அதாவது வேதம், சடங்கு, உடை, சொர்க்கம் எல்லாவற்றையும் அப்படியே எடுத்துக்கொண்டு, உள்ளே வேறொன்றை வைத்துக் காட்டுவது. எங்கள் கதையை நீங்கள் எந்த அளவுகோலால் நிராகரிக்கிறீர்களோ, அதே அளவுகோலை உங்கள் கதைமீதும் வைத்துப் பாருங்கள் என்பதே அதன் வாதம்.

விளையாட்டு வினையாகும் இடம்

பகடி, பகடியாகவே நின்றுவிடுவதில்லை. 2011இல் ஆஸ்திரியாவில் நிக்கோ ஆல்ம் என்பவர் ஓட்டுநர் உரிமத்துக்கான புகைப்படத்தில் வடிபாத்திரத்தை அணிந்திருக்க அனுமதி பெற்றார். விண்ணப்பித்து மூன்று ஆண்டுகளுக்குப் பிறகு கிடைத்த அனுமதி அது. இடையில் அவர் மனநிலை சரியாக இருக்கிறதா என்று மருத்துவப் பரிசோதனையும் நடந்தது. அதிகாரிகளோ முகம் முழுதாகத் தெரிகிறது, அதனால் ஏற்றோம், மதத்துக்காக அல்ல என்றார்கள். நியூசிலாந்தில் 2015இல் ஸ்பகெட்டி திருச்சபைக்குத் திருமணம் நடத்தி வைப்போரை நியமிக்கும் உரிமை கிடைத்தது. 2016 ஏப்ரலில் அங்கே முதல் திருமணம் நடந்தது. சடங்கு பகடிதான். ஆனால் கல்யாணம் சட்டப்படி செல்லும். அந்தத் தம்பதி நெசமாவே கணவன் மனைவி. இதில் எது விளையாட்டு, எது வினை?

இன்னும் பழைய உதாரணம் ஒன்று உண்டு. கிரெக் ஹில், கெர்ரி தார்ன்லி என்ற இரண்டு கலிஃபோர்னிய இளைஞர்கள், கிரேக்கப் புராணத்தில் குழப்பத்தின் தெய்வமான எரிஸைக் கும்பிடும் 'டிஸ்கார்டியனிசம்' என்ற மதத்தை வேடிக்கையாகத் தொடங்கினார்கள். கடவுள்கள் எல்லாமே மாயை என்ற எண்ணத்தோடுதான் ஹில் ஆரம்பித்தார். பின்னாளில் பேட்டி கண்டவரிடம் அவர் சொன்னது வேறு: குழப்பத்தின் தெய்வத்தையே ஒருவர் உண்மையாக எடுத்துக்கொண்டால், மற்றக் கடவுள்கள் கூட்டிச் செல்லும் அளவுக்கு அதுவும் ஆழமான பயணத்துக்குக் கூட்டிச் செல்லும் என்றார். வேஷம் போட்டவருக்குள் சாமி இறங்கிவிட்டது. நம் ஊர்க் கூத்தில் வேஷம் கட்டியவருக்கு அருள் வந்து நாம் பார்த்திருக்கிறோம். ஆகவே இது நமக்குப் புரியாத செய்தி இல்லை.

நீதிமன்றத்தின் தராசு

அமெரிக்காவின் நெப்ராஸ்கா சிறையிலிருந்த ஒரு கைதி, தன்னைப் பாஸ்டஃபாரியன் என்று அறிவித்து, கடற்கொள்ளையர் உடையும் வழிபாட்டுக் கூட்டமும் தன் மத உரிமை என்று வழக்குத் தொடுத்தார். 2016இல் நீதிபதி ஜான் ஜெரார்ட் அதைத் தள்ளுபடி செய்தார். இது மதமல்ல, அறிவியல் கல்வி பற்றியும் பொதுப்பள்ளியில் மதத்தின் இடம் பற்றியும் ஒரு வாதத்தை முன்வைக்க எழுதப்பட்ட பகடி என்பது தீர்ப்பின் சாரம். புதிய நம்பிக்கைகளை எடைபோடுவது நீதிமன்றத்துக்கு எளிதல்ல என்பதையும் அவர் ஒப்புக்கொண்டிருந்தார். நெதர்லாந்தில் 2018இல் உயர் நிர்வாக நீதிமன்றமும் அடையாள அட்டைப் படத்தில் வடிபாத்திரம் அணியக் கேட்ட ஒரு பெண்ணின் மனுவை நிராகரித்தது. மதத்துக்கு வேண்டிய தீவிரமும் ஒருங்கிணைவும் இதில் இல்லை என்று காரணம் சொன்னது. 2021இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றமும் அவர் முறையீட்டை ஏற்கவில்லை.

இந்தத் தீர்ப்புகளைத் தவறு என்று எளிதில் சொல்லிவிட முடியாது. ஹெண்டர்சனின் மடலைப் படித்த யாருக்கும் அது பகடி என்று தெரியும். அதைப் பகடி என்று சொல்வது ஒருவகையில் அதற்குச் செய்யும் மரியாதையும்கூட. ஆனால் தராசைக் கவனியுங்கள். தீவிரம் வேண்டும், ஒருங்கிணைவு வேண்டும், நேர்மையான நம்பிக்கை வேண்டும். எந்தப் பழைய மதத்தின் அறங்காவலர் இந்தத் தராசில் ஏறியிருக்கிறார்? கோயில் கணக்கைப் பார்ப்பவர் சாமியை நம்புகிறாரா என்று யார் கேட்டார்கள்? தேர்தலுக்குத் தேர்தல் தீச்சட்டி ஏந்தும் வேட்பாளரின் வீட்டு அலமாரியைத் திறந்து பார்த்தது யார்?

சமூகவியல் படித்தவர்களுக்கு எமில் துர்க்கைம் நினைவுக்கு வருவார். 1912இல் வெளிவந்த நூலில் அவர் மதத்தைத் தனிமனிதரின் மனத்துக்குள் தேடவில்லை. புனிதம் என்று ஒதுக்கப்பட்டவை, அவற்றைச் சுற்றிய நம்பிக்கைகளும் நடைமுறைகளும், அவற்றால் ஒரு குழுவாகச் சேரும் மக்கள் என்று பார்த்தார். மதம் என்பது கூடி நிற்பது. அப்படியானால் ஒருவருடைய மனத்துக்குள் புகுந்து 'நிஜமா?' என்று சோதிக்கும் தராசு எதற்கு இருக்கிறது? வாசலில் நிற்பவரை உள்ளே விடுவதா, வேண்டாமா என்று முடிவுசெய்வதற்கு. ஏற்கெனவே உள்ளே இருப்பவரை அது எடைபோடுவதில்லை.

இரண்டு கணக்கெடுப்புகள்

2001இல் இங்கிலாந்து, வேல்ஸ் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் மதம் என்ன என்ற கேள்விக்கு 3,90,127 பேர் 'ஜெடாய்' என்று எழுதினார்கள். 'ஸ்டார் வார்ஸ்' சினிமாவில் வரும் வீரர்களின் நெறி அது. மின்னஞ்சலில் சுற்றிய ஒரு வேடிக்கை அழைப்புதான் காரணம். சீக்கியர், யூதர், பௌத்தர் என்று பதிந்தவர்களைவிட அந்த எண்ணிக்கை அதிகம். 2011இல் அது 1,76,632 ஆகக் குறைந்தது. 2021இல் சுமார் 1,600. இதற்கிடையில் ஜெடாய் நெறியை உண்மையாகவே தியானமாகவும் ஒழுக்கமாகவும் எடுத்துக்கொண்ட ஒரு சிறு கூட்டம் உருவானது. அவர்களில் ஓர் அமைப்பு அறக்கட்டளைத் தகுதி கேட்டபோது, 2016இல் அதற்கான ஆணையம் மறுத்துவிட்டது. வேடிக்கைக்காகச் சேர்ந்தவர்கள் கலைந்துபோனார்கள். மனமார நம்பியவர்கள் வாசலில் நின்றார்கள்.

இதற்குச் சரியாக 70 ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு கணக்கெடுப்பை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 1931, பஞ்சாப். மங்கு ராம் தலைமையில் 1926இல் தொடங்கிய ஆத்-தர்ம இயக்கம், நாங்கள் இந்துவும் இல்லை, சீக்கியரும் இல்லை, முஸ்லிமும் இல்லை. இந்த மண்ணின் ஆதி மதத்தார் என்று அறிவித்தது. கணக்கெடுப்பில் அதைத் தனி மதமாகப் பதியும் உரிமையையும் வென்றது. 4 லட்சத்துக்கும் மேற்பட்ட தலித்துகள் தங்களை ஆத்-தர்மி என்று பதிந்தார்கள். எண்ணிக்கை ஏறக்குறைய ஜெடாய்களுடையதுதான். ஆனால் இங்கிலாந்தில் அப்படி எழுதியவருக்கு மறுநாள் ஒன்றும் ஆகவில்லை. பஞ்சாப் கிராமத்தில் எழுதியவர் ஆதிக்க சாதியாரின் மிரட்டலையும் தொல்லையையும் தாங்கிக்கொண்டுதான் எழுதினார்.

தமிழ் மண்ணில் அயோத்திதாசர், தம் மக்கள் இந்துக் கணக்கில் சேர்க்கப்படக்கூடாது, சாதிபேதமற்ற திராவிடர் என்றும் பௌத்தர் என்றும் பதியவேண்டும் என்று வாதாடினார். அவரையும் இது எங்கே இருந்த மதம் என்று கேட்டவர்கள் உண்டு. புதிதாகச் செய்த மதம், பொய் மதம், அரசியலுக்காக ஒரு மதம் என்ற சொற்களெல்லாம் நம்மேல் வீசப்பட்டவைதான். கேலிக்காகச் செய்யப்பட்ட மதத்தைப் பார்த்து உலகம் கேட்கும் கேள்வியும், விடுதலைக்காகச் செய்யப்பட்ட மதத்தைப் பார்த்துக் கேட்கும் கேள்வியும் ஒன்றாக இருக்கின்றன. இதை மாணவர்கள் குறித்துக்கொள்ள வேண்டும்.

பரசுராமனுக்கு ஒரு நோட்டீஸ்

ஹெண்டர்சனின் மடலுக்கு 130 ஆண்டுகளுக்கு முன்பே இந்த வகைக் கடிதம் ஒன்று புனேயில் எழுதப்பட்டுவிட்டது. மகாத்மா ஜோதிராவ் புலேயின் 'குலாம்கிரி' நூல் 1873இல் வந்தது. தசாவதாரக் கதைகளை ஒவ்வொன்றாக எடுத்து, வெளியிலிருந்து வந்த ஆரியர் இந்த மண்ணின் மக்களை வென்ற கதையாக அதில் அவர் புரட்டிப் போடுகிறார். பரசுராமனை எதிர்த்துக் கடுமையாகப் போரிட்ட 'மகா அரி'களே, அதாவது பெரும் பகைவர்களே, தோற்ற பிறகு மகார்கள் ஆக்கப்பட்டார்கள் என்பது அவர் வாசிப்பு. வரலாற்று ஆதாரம் என்ற அளவில் இதை ஏற்பது கடினம். ஆனால் அவதாரக் கதையைக் கேட்டுத் தலைகுனிந்தவனுக்கு, நீ தோற்றவன், தாழ்ந்தவனல்ல என்று சொன்ன கதை அது.

அந்த நூலில் புலே பரசுராமனுக்கே ஒரு நோட்டீஸ் அனுப்புகிறார். முகவரி: எல்லா இடமும். நீர் சிரஞ்சீவி என்கிறார்கள். ஆகவே உயிரோடுதான் இருக்கவேண்டும். 6 மாதத்துக்குள் நேரில் வந்து ஆஜராகவும். வராவிட்டால் உம் கதை பொய்யென்று மக்கள் முடிவுசெய்வார்கள் என்பது அதன் சாரம். வெள்ளைக்கார அரசின் கச்சேரி நோட்டீஸ் நடையை எடுத்து, புராண நாயகனுக்குக் கெடு வைத்த பகடி! கன்சாஸ் வாரியத்துக்குப் போன மடலின் தர்க்கமும் இதே தர்க்கம்தான்: நீங்கள் சொல்வதை அப்படியே நம்புகிறோம், அதன்படியே நடந்து காட்டுங்கள்.

ஆனால் புலே அங்கே நிற்கவில்லை. அதே 1873ஆம் ஆண்டு செப்டம்பர் 24 அன்று சத்யசோதக் சமாஜத்தைத் தொடங்கினார். சமாஜம் பார்ப்பனப் புரோகிதர் இல்லாத திருமணங்களை நடத்தியது. எங்களுக்குச் சேரவேண்டிய தட்சணை எங்கே என்று புரோகிதர்கள் நீதிமன்றம்வரை போனார்கள். நூடுல்ஸ் திருமணத்தையும் சத்யசோதக் திருமணத்தையும் ஒன்றென்று நாம் சொல்லவில்லை. சத்யசோதக் பகடி அல்ல. படைத்த 'நிர்மிக்' ஒருவர் உண்டு, அவருக்கும் மனிதருக்கும் நடுவே தரகர் வேண்டாம் என்று நம்பிய இயக்கம். நாம் காட்ட விரும்புவது வரிசையை. முதலில் சிரிப்பு பயத்தை உடைத்தது. பயம் போன இடத்தில் மக்கள் கூடினார்கள். கூடியவர்களுக்குக் கல்யாணமும் கருமாதியும் நடத்த ஒரு முறை தேவைப்பட்டது. வெறும் கிண்டலோடு நின்றிருந்தால், சிரித்து முடித்தவன் பெண்ணின் கல்யாணத்துக்கு மறுபடி அதே புரோகிதர் வீட்டுக்குத்தான் போயிருப்பான்.

ஆங்கிலத் தாய்

நம் காலத்துக்கு வருவோம். தலித் சிந்தனையாளர் சந்திரபான் பிரசாத், தலித்துகளுக்கு ஆங்கிலக் கல்வியின் கதவு திறக்கக் காரணமானவர் என்று சொல்லி மெக்காலேயின் பிறந்தநாளான அக்டோபர் 25ஐக் கொண்டாடத் தொடங்கினார். 'ஆங்கில தேவி' என்ற தெய்வத்தையும் உருவாக்கினார். 2010 ஏப்ரலில் உத்தரப் பிரதேசத்தின் லக்கிம்பூர் கேரி மாவட்டத்தில் பங்கா என்ற கிராமத்தில், தலித்துகள் நடத்தும் பள்ளி வளாகத்தில் அந்தத் தெய்வத்துக்குக் கோயில் எழுப்ப அடிக்கல் நாட்டப்பட்டது. அமெரிக்க சுதந்திர தேவி சிலையின் சாயலில் செய்த வெண்கலச் சிலை. ஒரு கையில் பேனா. மறு கையில் அரசமைப்புச் சட்டம். தலையில் பெரிய தொப்பி. நிற்பது கணினிமேல்.

செய்தி வந்தபோது நம்மிலேயே பலர் முகம் சுளித்தோம். மெக்காலே யாரை உருவாக்க ஆங்கிலம் கொண்டுவந்தார் என்று தெரியாதா? சிலை உடைப்பு மரபில் வந்தவர்கள் இன்னொரு சிலை வைக்கலாமா? தாய்மொழிக் கல்வி என்ன ஆவது? இந்தக் கேள்விகள் இன்றும் உயிரோடு இருக்கின்றன. அவற்றை நாம் கைவிடச் சொல்லவில்லை. ஆனால் அந்தச் சிலை என்ன செய்கிறது என்று பாருங்கள். கையில் வீணையோடு அமர்ந்திருக்கும் கல்வித் தெய்வம் ஒன்று இந்த நாட்டில் ஏற்கெனவே உண்டு. அந்தத் தெய்வத்தைக் கும்பிட்ட சமூகம் நம் பாட்டன் முப்பாட்டனைப் பள்ளித் திண்ணையில்கூட ஏற்றவில்லை. எங்களை விடாத கல்வித் தெய்வத்துக்குப் பதில் எங்களுக்கொரு கல்வித் தெய்வம் என்பது பச்சையான பகடி. அதே சமயம், தன் பிள்ளை ஆங்கிலம் படித்து மேலேறவேண்டும் என்று அந்தச் சிலைமுன் நிற்கும் தாயின் ஆசையில் பகடி இல்லை. ஒரே சிலையில் இரண்டும் இருக்கின்றன. பக்தியா, பகடியா, ஒன்றைச் சொல் என்று அந்தத் தாயை வற்புறுத்துவதும், அலமாரியைத் திறக்கச் சொன்ன அலுவலரின் வேலையைச் செய்வதும் ஒன்றுதான்.

மீண்டும் அந்தக் கேள்வி

1956 அக்டோபர் 14 அன்று நாக்பூரில் பாபாசாகேப் அம்பேத்கர் லட்சக்கணக்கானோரோடு பௌத்தம் ஏற்றார். 22 உறுதிமொழிகளில் பழைய கடவுள்களைப் பெயர் சொல்லித் துறந்தார். இது மதமாற்றம் அல்ல, அரசியல் என்றார்கள். மறுபிறப்பையும் கர்ம வினையையும் அவர் வாசித்த விதம் பௌத்தமே அல்ல என்றார்கள். 'நெசமாவே நம்புறீங்களா?' என்ற அதே கேள்வி. சமத்துவத்தை நம்பி ஒரு மதத்துக்குள் போவது நம்பிக்கை இல்லை என்றால், பிறகு எதுதான் நம்பிக்கை?

அரசும் இந்தக் கேள்வியை விடவில்லை. 1950ஆம் ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணைப்படி பட்டியல் சாதித் தகுதி முதலில் இந்துக்களுக்கு மட்டும். 1956இல் சீக்கியரும் 1990இல் பௌத்தரும் சேர்க்கப்பட்டார்கள். தலித் கிறித்தவரும் தலித் முஸ்லிமும் இன்றும் வெளியே. 2024 நவம்பர் 26 அன்று, அரசமைப்புச் சட்ட நாளில், உச்ச நீதிமன்றம் புதுச்சேரியைச் சேர்ந்த ஒரு பெண்ணின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. ஞானஸ்நானம் பெற்றுத் தேவாலயம் செல்பவர், உண்மையான நம்பிக்கை இல்லாமல் இடஒதுக்கீட்டுக்காக மட்டும் இந்து என்று சொல்வது அரசமைப்பின்மீது செய்யும் மோசடி என்றது.

நெப்ராஸ்கா கைதிக்கும் புதுச்சேரிப் பெண்ணுக்கும் ஒரே தராசு. ஆனால் இழப்பு ஒன்றல்ல. ஒருவருக்கு ஒரு கொள்ளையர் உடுப்பு கிடைக்கவில்லை. மற்றவருக்கு வேலை வாய்ப்பு போயிற்று. சாதி மட்டும் அவரை விட்டுப் போகவில்லை. கோயிலுக்குப் போனாலும் தேவாலயத்துக்குப் போனாலும் ஊர் அவரை அதே தெருவில்தான் வைக்கும். கல்லறைத் தோட்டத்திலும் சுவர் எழுப்புகிற நாடு இது. சாதி ஒருபோதும் நம் நம்பிக்கையின் நேர்மையைச் சோதித்துவிட்டு நம்மைத் தீண்டாமல் விட்டதில்லை. சாதியின் கொடுமைக்குத் தேவைப்படாத அந்தச் சோதனை, நிவாரணத்துக்கு மட்டும் ஏன் தேவைப்படுகிறது?

தோழர்களே, பகடி மதங்களிடமிருந்து நாம் எடுத்துக்கொள்ள ஒன்று இருக்கிறது. அதிகாரத்தின் அளவுகோலைப் பிடுங்கி அதன்மீதே வைத்துக் காட்டும் துணிச்சல் அது. ஆனால் வெள்ளை இளைஞர் ஒருவர் தலையில் பாத்திரம் கவிழ்த்தால் அதிகபட்சம் ஒரு மருத்துவப் பரிசோதனை. நம் ஊரில் தலித் இளைஞர் ஒருவர் சாமியைக் கிண்டல் செய்தால் வழக்கும் வெட்டும் வரும். ஆகவே சிரிப்பதற்கு முன்னால் நம் பக்கத்தில் எத்தனை பேர் நிற்கிறார்கள் என்று பார்த்துக்கொள்ள வேண்டும். சிரித்த பிறகு அவர்களுக்கு என்ன கட்டிக்கொடுக்கப்போகிறோம் என்றும் யோசிக்க வேண்டும். புலே நோட்டீசும் எழுதினார், பள்ளிக்கூடமும் நடத்தினார்.

மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். ஆய்வுக்காக ஒரு சேரி வீட்டுக்குள் போகும்போது, இவர்கள் நம்பிக்கை நிஜமா, போலியா என்று பதிவேட்டில் குறிக்காதீர்கள். எதைக் கேட்டு அங்கே போனார்கள், எது கிடைத்தது, எது மறுக்கப்பட்டது என்று எழுதுங்கள். தோழியின் அம்மா அன்று அலுவலருக்குச் சொன்ன பதில் வேடிக்கையா, நம்பிக்கையா என்று இன்றுவரை எங்களுக்குத் தெரியாது. அவரிடம் நாங்கள் கேட்கவும் இல்லை. தம்பி மறு ஆண்டு கல்லூரியில் சேர்ந்துவிட்டான். அலமாரியில் இரண்டு படங்களும் அப்படியே இருக்கின்றன.

ஜெய்பீம்.